நடக்காமல் போன கோல்கள்

பொர்மெனெக் துறைமுகத்தில் ரொட்டிக் கடைகள் இரண்டு. மேட்டுத் தெருவில் ஒன்று, கடற்கரைத் தெருவில் ஒன்று. இரண்டும் ஒரே நாளில் மூடினால் ஊரே பட்டினி கிடக்கும். அதனால் கடற்கரைத் தெருக் கடைக்குத் திங்கட்கிழமை விடுமுறை, மேட்டுத் தெருக் கடைக்குப் புதன்கிழமை விடுமுறை. மேயரம்மா மாறினாலும் மாறுவார், இந்த ஏற்பாடு மாறாது.

அந்த ஊரில் ஒருவர் கட்சி மாறினால் யாரும் கண்டுகொள்ள மாட்டார்கள். ரொட்டிக் கடையை மாற்றினால் மட்டும் ஊர் முழுக்கப் பேச்சாகிவிடும். அதனால்தான் அக்டோபரில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, தபால் கொடுக்கும் சுவாஸிக் கடற்கரைத் தெருக் கடைக்குள் மூச்சிரைக்க ஓடிவந்தார்.

"விஷயம் தெரியுமா? முசியே கெரூஸ் மேட்டுத் தெரு ரொட்டியைக் கக்கத்துல வெச்சுக்கிட்டுப் போறாரு!"

கல்லாவில் நின்ற எனோராவின் அம்மா சில்லறையைக் கீழே போட்டுவிட்டார்.

"கெரூஸா? பத்தொம்பது வருஷமா நம்ம கடையில வாங்குறவராச்சே! உப்பு ஜாஸ்தியாப் போச்சோ?"

"என் ரொட்டியில உப்பு ஜாஸ்தியா? யாரு சொன்னா?" என்று உள்ளேயிருந்து அப்பா மாவுக் கையோடு வந்து நின்றார்.

மூலையில் உட்கார்ந்து பாலில் ரொட்டியை நனைத்துக்கொண்டிருந்தாள் எனோரா. அவளுக்குப் பத்து வயது. முசியே கெரூஸை, அதாவது கெரூஸ் ஐயாவை, தினமும் பார்ப்பவள் அவள். வாசல் நிலை இடிக்கும் என்று தலையைக் குனிந்துகொண்டு உள்ளே வருவார். "ஒரு பகெத். நல்லா வெந்தது" என்பார். வெளியே போய் இரண்டு அடி வைப்பதற்குள் அந்த நீள ரொட்டியின் முனையைக் கடித்துவிடுவார். அவ்வளவு உயரமான மனிதர் சின்னப் பையனைப் போல அதைச் செய்வது எனோராவுக்கு ரொம்பப் பிடிக்கும்.

அவர் ஒரு காலத்தில் பெரிய கால்பந்து ஆட்டக்காரர். நகரத்து அணியில் ஐந்தாம் எண் சட்டை. எதிரிகள் கோல் போடாமல் தடுக்கும் தடுப்பாட்டக்காரர். பதினைந்து வருடம் ஆடிவிட்டு, முழங்கால் இனி முடியாது என்று சொன்ன பிறகு ஊருக்கே திரும்பி வந்து, படகுகளுக்கு வண்ணம் அடிக்கிறார்.

அடுத்த வாரக் கடைசி ஞாயிற்றுக்கிழமை ஊர் மைதானத்துக்கு அவருடைய பெயரை வைக்கப்போகிறார்கள். அவருடைய ஆட்ட வாழ்க்கையைப் பற்றிய படங்களை எனோராவின் வகுப்புதான் வரைகிறது. சீட்டுக் குலுக்கியதில் வகுப்புத் தோழன் திதுவானுக்கு 'மஞ்சள் அட்டைகள்' வந்தது. எனோராவுக்குக் 'கோல்கள்' வந்தது.

மூன்று புதன்கிழமைகள் நூலகத்தில் பழைய செய்தித்தாள்களைப் புரட்டினாள். பள்ளி இல்லாத நாள் அதுதான். நானூற்றுப் பன்னிரண்டு ஆட்டங்கள். ஒவ்வொரு ஆட்டத்தின் கீழும் கோல் போட்டவர்களின் பெயர்கள் பொடி எழுத்தில் இருந்தன. கெரூஸ் பெயர் எங்கேயும் இல்லை. கண் எரியத் தொடங்கிய நேரத்தில் ஓரிடத்தில் கண்டுபிடித்துவிட்டாள். 'கெரூஸ், 89-வது நிமிடம்.' சந்தோஷத்தில் நூலகத்திலேயே ஒரு குதி குதித்தாள். அந்த ஆட்டத்தைப் பற்றி அதற்கு மேல் ஒரு வரிகூடப் படிக்கவில்லை.

பெரிய தாளில் ஒரு பெரிய வெள்ளைப் பந்தை வரைந்து, சனிக்கிழமை அதைக் கடை ஜன்னலில் தெருவைப் பார்த்து ஒட்டினாள். கடைக்குள் இருப்பவர்களுக்குத் தாளின் முதுகு மட்டும்தான் தெரியும்.

"எதுக்குக் கடையை மாத்தினாருன்னே புரியலையே" என்று சொல்லிக்கொண்டே சுவாஸிக் வெளியே போனார். சைக்கிளை எடுக்கப் போனவர் ஜன்னல் பக்கம் திரும்பினார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று சத்தமாகப் படித்தார்.

"கெரூஸ் அடித்த ஒரே கோல்! எண்பத்தொன்பதாவது நிமிடம்! வாழ்த்துகள்!"

படித்து முடிக்கும்போது அவர் முகத்தில் சிரிப்பு இல்லை. அம்மா கல்லாவை விட்டு வெளியே ஓடினார். அப்பாவும் மாவு உதிர உதிரப் பின்னால் போனார். மூன்று பேரும் தெருவில் நின்று அந்தப் பந்தைப் பார்த்தார்கள்.

"ஐயோ, குட்டி" என்றார் அப்பா.

"என்னப்பா?" என்று வாசலுக்கு வந்தாள் எனோரா.

"அது அவரு போட்ட கோல்தான். ஆனா எதிரணிக்குப் போட்டது. சேம்சைடு கோல்."

எனோரா திரும்பித் தன் படத்தைப் பார்த்தாள்.

அப்பா மெதுவாகச் சொன்னார். கோப்பைப் போட்டியில் அரையிறுதி ஆட்டம். கொட்டுகிற மழை. ரெண்டு பக்கமும் கோல் இல்லை. ஆட்டம் முடிய ஒரு நிமிடம் இருக்கும்போது, வெளியே தள்ளலாம் என்று கெரூஸ் காலை நீட்டினார். ஈரப்பந்து வழுக்கிக்கொண்டு அவருடைய சொந்த வலைக்குள்ளேயே போய்விட்டது.

"நான் அப்ப சின்னப் பையன். வானொலியைக் கட்டிப்பிடிச்சுக்கிட்டு அழுதேன். ஊரே அழுதுச்சு" என்றார் அப்பா.

"காலையில அவரு கையால ஒரு கடிதம் குடுத்தாரு, மேயர் அலுவலகத்துக்கு" என்றார் சுவாஸிக். "அதுல என்ன இருக்குன்னு எனக்குத் தெரியாது. தெரிஞ்சாலும் நான் சொல்ல மாட்டேன்."

மத்தியானத்துக்குள் ஊருக்கே தெரிந்துவிட்டது. முசியே கெரூஸ் விழாவுக்கு வரப்போவதில்லை. மைதானத்துக்கு வேறு யார் பெயரையாவது வைத்துக்கொள்ளச் சொல்லிவிட்டார்.

பள்ளியில் திதுவான் எனோராவைச் சும்மா விடவில்லை.

"எங்க வீட்டுப் பூனைக்குக்கூடத் தெரியும் அது சேம்சைடு கோல்னு. நீ வாழ்த்து வேற சொல்லிட்டே!"

"உங்க வீட்டுப் பூனையைக் கூட்டிட்டு வந்து படம் வரையச் சொல்லு, போ" என்றாள் எனோரா. ஆனால் வகுப்பு முடியும்வரை அவள் தலையை நிமிர்த்தவில்லை.

மறுநாள் புதன்கிழமை. மேட்டுத் தெருக் கடை மூடியிருக்கும் நாள். ரொட்டி வேண்டுமென்றால் கெரூஸ் கடற்கரைத் தெருவுக்கு வந்துதானே ஆகவேண்டும்? கதவின் மணி ஒலிக்கும்போதெல்லாம் எனோரா எட்டிப் பார்த்தாள். மீன்காரர் வந்தார். மருந்துக் கடைக்காரர் வந்தார். பதினொரு மணிக்குச் சுவாஸிக் வந்தார்.

"அவரு வர மாட்டாரு. நேத்தே ரெண்டு பகெத் வாங்கி வெச்சுட்டாராம். இன்னிக்குப் பழசை சூப்புல நனைச்சுச் சாப்பிடப் போறாரு."

"பழைய ரொட்டியா!" என்று அப்பா நெஞ்சில் கை வைத்தார். "அதுவும் மேட்டுத் தெருப் பழைய ரொட்டியா!"

அடுப்பிலிருந்து அப்போதுதான் வந்த ஒரு பகெத்தை எடுத்து, நல்லா வெந்ததா என்று தட்டிப் பார்த்து, எனோரா தன் கோட்டுக்குள் வைத்துக்கொண்டாள். யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. கடற்கரையோரமாக அவர் வீடுவரை நடந்தாள். ரொட்டி வாங்கிவர அனுப்பினால் வழியிலேயே முனையைத் தின்றுவிடும் பெண் அவள். அன்றைக்கு அதைத் தொடவே இல்லை.

கதவைத் திறந்த கெரூஸ் முதலில் ரொட்டியைப் பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார்.

"முசியே, அந்தப் படத்தை வரஞ்சது நான்தான்."

"தெரியும். கீழ உன் பேரு இருந்துச்சு. எழுத்து அழகா இருந்துச்சு."

"நான் முழுசாப் படிக்கல. நீங்க கோல் அடிச்சிருக்கீங்கன்னு சந்தோஷத்துல குதிச்சுட்டேன்."

கெரூஸுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "எதிரணிக்காரங்களை விட்டா, அந்தக் கோலுக்குக் குதிச்ச ஒரே ஆளு நீதான். உள்ள வா, குளிருது."

வீட்டுக்குள் கோப்பை ஒன்றும் இல்லை. புகைப்படம்கூட இல்லை. அடுப்பில் சூப் கொதித்துக்கொண்டிருந்தது. மேசையில் அந்தப் பழைய ரொட்டி விறகுக் கட்டை மாதிரிக் கிடந்தது. கெரூஸ் அதை ஓரமாகத் தள்ளிவிட்டுப் புதிய ரொட்டியை வைத்தார்.

"என் மேல கோபமா?" என்றாள் எனோரா.

"உன் மேல இல்ல."

"நான் அதைக் கிழிச்சுப் போட்டுடறேன். நீங்க விழாவுக்கு வந்துடுங்க."

அவர் நாற்காலியில் உட்கார்ந்தார். முழங்கால் கிறீச்சிட்டது.

"நானூத்திப் பன்னண்டு ஆட்டம் ஆடியிருக்கேன். ஆனா யாரைக் கேட்டாலும் அந்த ஒரு பந்துதான் ஞாபகம். மீன் வாங்கப் போனா அதுதான். முடி வெட்டப் போனா அதுதான். மைதானத்து வாசல்ல என் பேரை எழுதி வெச்சா, வர்ற அப்பாங்க எல்லாம் பிள்ளைங்ககிட்ட என்ன சொல்லுவாங்க? 'மழையில சொந்த வலைக்குள்ள போட்டாரே, அவருதான்'னு சொல்லுவாங்க. அது எனக்கு வேண்டாம்."

"மத்த ஆட்டத்துல எல்லாம் என்ன நடந்துச்சு?"

"ஒண்ணும் நடக்கல."

"ஒண்ணுமேவா?"

"ஒண்ணும் நடக்காம பாத்துக்கறதுதானே என் வேலை! முன்னாடி ஆடுறவன் கோல் போட்டா பேப்பர்ல பேரு வரும். கோல்கீப்பர் பறந்து பிடிச்சா போட்டோ வரும். நான் காலை நீட்டுவேன், பந்து வெளிய போகும், ஜனங்க கலெத் அப்பம் வாங்கக் கிளம்பிடுவாங்க."

எனோரா மேசையில் சாய்ந்துகொண்டு கேட்டாள்.

"அந்தப் பந்தெல்லாம் எங்க போச்சு, முசியே? கோல் ஆகப் பாத்து, ஆகாம நின்னுபோன பந்தெல்லாம்?"

கெரூஸ் ஜன்னலைப் பார்த்தார். வெளியே கடலிலிருந்து மூடுபனி ஏறிக்கொண்டிருந்தது. படகுகளின் பாய்மரங்கள் மட்டும் மேலே தெரிந்தன.

"தெரியலையே. இதுவரைக்கும் யாரும் என்னைக் கேட்டதில்ல" என்றார்.

கிளம்பும்போது எனோரா வாசலில் நின்று மறுபடியும் கேட்டாள். "படத்தைக் கிழிச்சுடட்டுமா?"

"வேண்டாம். நீ பொய் எழுதலையே. அது நடந்ததுதான்." அவர் கதவில் சாய்ந்துகொண்டார். "ஆனா பாவம், அந்தப் பந்து அங்க தனியா நிக்குது."

திரும்பி வரும் வழியில் மூடுபனி தெருவையே மூடிவிட்டது. எனோரா மெதுவாக நடந்தாள். எங்கேயோ மேலே கடற்பறவைகள் கத்தின. அவற்றின் வெள்ளை வயிறு ஒரு நொடி தெரிந்து மறைந்தது. அவை பறவைகள்தான் என்று அவளுக்குத் தெரியும். இருந்தாலும் பந்துகள் என்று நினைத்துப் பார்த்தாள். கோலாகாமல் போன அத்தனை பந்துகளும் கீழே இறங்க மறந்துபோய், சத்தமில்லாமல் இந்த ஊருக்கு மேலேயே மிதக்கின்றன. சிலது மழையில் நனைந்தவை. சிலதில் சேறு ஒட்டியிருக்கிறது. யாராவது கூப்பிட்டால் இறங்கி வரலாம் என்று காத்திருக்கின்றன. அப்படி நினைத்ததும் அவளுக்கு மனசு லேசாகிவிட்டது. கடைக்கு வந்து சேர்ந்தபோது என்ன செய்வது என்று முடிவாகியிருந்தது.

"அப்பா, ரொட்டி சுத்துற தாள்ல எனக்கு ஒரு கட்டு வேணும்."

"எதுக்கு?"

"தனியா நிக்குற பந்துக்குத் துணைக்கு ஆள் சேக்கறேன்."

அப்பாவுக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனால் கெரூஸ் தன் ரொட்டியை வாங்கிக்கொண்டார் என்று கேட்ட சந்தோஷத்தில் இரண்டு கட்டாகவே கொடுத்துவிட்டார்.

எனோரா சூப்புக் கிண்ணத்தைக் கவிழ்த்து வைத்து, தாள்களை வட்டம் வட்டமாக வெட்டினாள். கடையில் வரிசையில் நின்றவர்களிடம் ஒவ்வொருவராகப் போனாள்.

"முசியே கெரூஸ் தடுத்த பந்து ஏதாவது உங்களுக்கு ஞாபகம் இருக்கா?"

"கெரூஸா? ஏன் இல்லாம? அந்த மழை ஆட்டம்..."

"அது வேண்டாம். தடுத்த பந்து."

எல்லோரும் மேலே பார்த்தார்கள், கீழே பார்த்தார்கள், ரொட்டியைப் பார்த்தார்கள். தடுத்தது நிறைய இருக்குமே, ஆனால் ஞாபகத்துக்கு வரவில்லையே என்றார்கள். மாலைவரை ஒரு வட்டத்தில்கூட ஓர் எழுத்து விழவில்லை. எனோராவுக்கு அழுகை வந்தது. அதை விழுங்கிக்கொண்டு, மறுநாள் பள்ளி விட்டதும் மறுபடியும் வரிசைக்கு வந்தாள்.

வரிசையின் கடைசியில் கிழட்டு மீனவர் பிரிவேல் நின்றுகொண்டிருந்தார். சாப்பாட்டைத் தவிர வேறு எதைப் பற்றியும் அதிகம் பேசாதவர். அவரைப் பார்த்ததும் எனோராவுக்கு ஒன்று தோன்றியது. பந்தைப் பற்றிக் கேட்டால் யாருக்கும் ஞாபகம் வரவில்லை. வேறு எதையாவது கேட்டால்?

"முசியே பிரிவேல், ஆட்டம் பாக்கப் போனா என்ன சாப்பிடுவீங்க?"

"இது என்ன கேள்வி? கலெத்துதான். சாசேஜ் வெச்சுச் சுருட்டினது. நாலு சாப்பிடுவேன்."

"நாலையும் முழுசாச் சாப்பிட்டுடுவீங்களா?"

"பின்ன? ஒரே ஒரு தடவைதான் கீழ விழுந்துச்சு. ரெண்டாவது கலெத். ஒரு கடிதான் கடிச்சிருந்தேன். ஏன் விழுந்துச்சுன்னா..." பிரிவேலின் கண்கள் விரிந்தன. "ஏன்னா நம்ம கோல்கீப்பர் வழுக்கி விழுந்துட்டான்! கோல் காலி! பந்து உருண்டு போகுது! எல்லாரும் எழுந்துட்டோம். எங்கிருந்து வந்தானோ தெரியல, அந்த நெட்டையன் சர்ருன்னு சறுக்கிட்டு வந்து, கோட்டு மேலயே காலை வெச்சுத் தட்டினான் பாரு... கலெத் போனதே எனக்குத் தெரியல!"

கடை முழுக்கச் சிரித்தது. எனோரா முதல் வட்டத்தை நீட்டினாள். பிரிவேல் அதில் எழுதி, கலெத்தின் படம் ஒன்றும் வரைந்து கொடுத்தார்.

அதற்குப் பிறகு அவள் பந்தைப் பற்றிக் கேட்பதையே விட்டுவிட்டாள். "அன்னைக்கு யாரு கூடப் போனீங்க? எங்க நின்னீங்க? குளிரா இருந்துச்சா?" என்றுதான் கேட்டாள். பந்துகள் தாமாகவே இறங்கி வந்தன.

சுவாஸிக் ஏழு வயதில் அப்பாவின் தோளில் உட்கார்ந்திருந்தாராம். மூக்கில் அடிபட்டு ரத்தம் வழிய, கெரூஸ் தலையால் முட்டித் தள்ளிய பந்து அவருடையது. மருந்துக் கடைக்காரருடையது, தன் கல்யாண நாளன்று விருந்தை விட்டுவிட்டு வானொலியில் கேட்ட பந்து. அவர் மனைவி அதே வட்டத்தின் பின்பக்கம் எழுதினார்: 'எனக்கும் அந்தப் பந்து ஞாபகம் இருக்கிறது. நன்றாகவே இருக்கிறது.' திதுவான் தன் அப்பா சொன்னதை எழுதி, நடுவில் ஒரு மஞ்சள் அட்டையும் வரைந்து கொண்டுவந்து, முகத்தைத் திருப்பிக்கொண்டு நீட்டினான்.

"இந்தா. பூனை குடுக்கச் சொல்லுச்சு."

சுவாஸிக் வெற்று வட்டங்களைப் பையில் போட்டுக்கொண்டு தபாலோடு சேர்த்து வீடு வீடாகக் கொடுத்தார். பக்கத்து ஊர்ப் பல் மருத்துவரிடமிருந்தும் ஒன்று வந்தது. 'நான் இளவயதில் எதிரணியில் ஆடினேன். கெரூஸ் என்னுடைய மூன்று கோல்களைக் கோட்டின் மேல் தடுத்தார். அன்றிரவு அழுதேன். பல வருடம் கழித்து அவருடைய கடைவாய்ப் பல்லைப் பிடுங்கினேன். அன்றைக்குத்தான் மனம் ஆறியது. அவரைப் போல ஒரு தடுப்பாட்டக்காரரை நான் பார்த்ததே இல்லை.'

செவ்வாய்க்கிழமை சாயங்காலம் கடை மூடும் நேரத்தில் கதவு மணி ஒலித்தது. மேட்டுத் தெரு ரொட்டிக் கடைக்காரம்மா மதாம் ப்ளேவன் நின்றார். அவர் கடற்கரைத் தெருக் கடைக்குள் கால் வைத்தது அதுவே முதல் தடவை. அப்பா அவசர அவசரமாகத் தலை முடியைச் சரிசெய்துகொண்டார்.

"என் வட்டம் இது" என்று மதாம் ப்ளேவன் ஒரு தாளைக் கல்லாவில் வைத்தார். "இன்னொண்ணு. கெரூஸ் இன்னிக்கும் ரெண்டு பகெத் கேட்டாரு. ஒண்ணுதான் தருவேன்னு சொல்லிட்டேன். நாளைக்கு எங்க கடை லீவு."

"ஏன், ரொட்டி தீந்துடுச்சா?" என்றார் அம்மா.

"முப்பது இருந்துச்சு" என்றார் மதாம் ப்ளேவன். சொல்லிவிட்டு அலமாரியிலிருந்த ரொட்டிகளை ஒரு நோட்டம் விட்டுப் போய்விட்டார்.

எனோராவும் அம்மாவும் ஜன்னலில் வட்டங்களை ஒட்டினார்கள். நடுவில் அந்தப் பெரிய பந்து. அதைச் சுற்றி நூற்று அறுபத்து மூன்று சின்னப் பந்துகள். பெரிய பந்தின் கீழே இருந்த வாழ்த்தை அழித்துவிட்டு எனோரா எழுதினாள்: 'இது நடந்தது. மற்றவையெல்லாம் நடக்காமல் போனவை. நடக்காமல் பார்த்துக்கொண்டவர் முசியே கெரூஸ்.'

புதன்கிழமை காலை வெயில் வந்தபோது அந்தத் தாள்கள் வழியாக வெளிச்சம் பால் மாதிரிக் கடைக்குள் இறங்கியது. ரொட்டிகள், தராசு, அம்மாவின் முகம் எல்லாமே வெளிறித் தெரிந்தன. தண்ணீருக்கு அடியில் உட்கார்ந்திருப்பது போல் இருந்தது எனோராவுக்கு. அவள் வட்டங்களுக்கு இடையிலிருந்த சந்து வழியாகத் தெருவைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். தபால்களை அப்படியே போட்டுவிட்டுச் சுவாஸிக்கும் வரிசையில் நின்றார். ஏற்கெனவே ரொட்டி வாங்கிவிட்ட பிரிவேல் மறுபடியும் வரிசையில் நின்றார்.

ஒன்பதரை மணிக்கு ஜன்னலுக்கு வெளியே ஓர் உயரமான நிழல் வந்து நின்றது.

எல்லோரும் கேக்குகளைப் பார்ப்பது போல நடித்தார்கள். நிழல் குனிந்தது. ஒவ்வொரு வட்டமாகப் படித்துக்கொண்டு இடமிருந்து வலமாக நகர்ந்தது. மறுபடியும் இடது பக்கத்துக்கு வந்தது. சந்து வழியாக எனோராவுக்கு அவர் உதடுகள் மட்டும் தெரிந்தன. அவை மெல்ல அசைந்துகொண்டிருந்தன. ஓரிடத்தில் அவர் சத்தமாகச் சிரித்தார். பல் மருத்துவருடையதாக இருக்க வேண்டும். பிறகு கைக்குட்டையை எடுத்து மூக்கைச் சிந்தினார்.

கதவு மணி ஒலித்தது. கெரூஸ் தலையைக் குனிந்து உள்ளே வந்தார்.

"ஒரு பகெத். நல்லா வெந்தது."

அம்மா அவசரத்தில் தாளைக் கோணலாகச் சுற்றிக் கொடுத்தார். கெரூஸ் ரொட்டியை வாங்கிக்கொண்டு, வெளியே போகும்வரைகூடப் பொறுக்காமல், கடைக்குள்ளேயே முனையைக் கடித்தார். அப்பா அடுப்பறைக்குள் ஓடிப்போய்க் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"எனோரா, மூணாவது வரிசையில ஒரு தப்பு இருக்கு" என்றார் கெரூஸ்.

எனோராவுக்குப் பகீரென்றது. "மறுபடியுமா?"

"பிரிவேல் கலெத்தைக் கீழ போட்ட ஆட்டம். அன்னைக்கு நான் தட்டினது இடது காலால. அவரு வலது கால்னு எழுதியிருக்காரு."

"நான் கலெத்தைப் பாத்துட்டு இருந்தேன்" என்றார் பிரிவேல்.

கெரூஸ் கதவுவரை போய்விட்டுத் திரும்பினார்.

"ஞாயித்துக்கிழமை விழா எத்தனை மணிக்கு?"

ஞாயிற்றுக்கிழமையும் மூடுபனி. மைதானத்தின் ஒரு கோல் கம்பத்திலிருந்து பார்த்தால் மற்றது மங்கலாகத்தான் தெரிந்தது. வாசலில் கெரூஸின் பெயர் எழுதிய பலகையைத் திறந்தார்கள். மேயரம்மா நீளமாகப் பேசினார். பனியில் அவரும் பாதிதான் தெரிந்தார். அதற்குப் பிறகு எப்போதும் போல முதல் உதை. விழா நாயகர் நடுவட்டத்தில் பந்தை ஒரு தடவை உதைப்பார். எல்லோரும் கைதட்டுவார்கள். பந்தைப் பழைய இடத்தில் வைத்துவிட்டு, ஒன்றும் நடக்காதது போல உண்மையான ஆட்டத்தைத் தொடங்குவார்கள்.

பந்தைக் கொண்டுபோய்க் கொடுக்கும் வேலை எனோராவுக்கு. கெரூஸ் பந்தை வாங்கிக்கொண்டு தலையை ஆட்டினார்.

"நடுவுல நின்னு உதைக்கறது என் வேலை இல்ல. என் கூட வா."

இருவரும் பனிக்குள் நடந்தார்கள். புல் நனைந்திருந்தது. கூட்டம் ஒன்றும் புரியாமல் பார்த்தது. கெரூஸ் கோல் கோட்டின் மேல் போய் நின்றார். பந்தை எனோராவின் பக்கம் உருட்டினார்.

"அடி."

"நானா? உள்ள போயிட்டா?"

"நீ அடி. போகுதா பாக்கலாம்."

எனோரா பத்து அடி பின்னால் போனாள். விட்டுக்கொடுத்து அடிக்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டாள். அது அவருக்கு அவமானம். மூச்சை இழுத்துப் பிடித்து, ஓடிவந்து, இருக்கிற பலத்தையெல்லாம் கூட்டி உதைத்தாள். பந்து புல்லில் சீறிக்கொண்டு இடது மூலைக்குப் போனது. கோல்தான் என்று அவளுக்கே தோன்றியது.

கிறீச்சென்று ஒரு சத்தம். அது முழங்கால். ஒரு நீளமான கால் பனிக்குள்ளிருந்து வந்தது. பந்து எழும்பி, வேலியைத் தாண்டி, மரங்களைத் தாண்டி, வெண்மைக்குள் போய் மறைந்தது. விழுந்த சத்தம் கேட்கவே இல்லை.

பிறகு அந்த ஊர் அதுவரை எந்தக் கோலுக்கும் கத்தாத அளவுக்குக் கத்தியது. கூட்டத்தில் பிரிவேல் இரண்டு கைகளையும் தூக்கிக் குதித்துக்கொண்டிருந்தார். அவர் கலெத் கீழே கிடந்தது.

எனோரா ஓடிப்போய் கெரூஸின் அருகே நின்று வேலிக்கு மேலே அண்ணாந்து பார்த்தாள்.

"எங்க போச்சு, முசியே?"

கெரூஸ் முழங்காலைத் தேய்த்துக்கொண்டே சிரித்தார்.

"மத்ததெல்லாம் போன இடத்துக்கு."

அந்தப் பந்தை யாரும் கண்டுபிடிக்கவில்லை. வேறு பந்து கொண்டுவந்துதான் ஆட்டத்தைத் தொடங்கினார்கள். சாயங்காலம் எனோரா கடைக்கு வந்து, சூப்புக் கிண்ணத்தைக் கவிழ்த்து இன்னொரு வட்டம் வெட்டினாள். அதில் தன் அழகான கையெழுத்தில் எழுதி, பெரிய பந்துக்குப் பக்கத்திலேயே ஒட்டினாள்.

'ஞாயிற்றுக்கிழமை. நல்ல மூடுபனி. எனோரா அடித்தாள், கெரூஸ் இருந்தார். ஒன்றும் நடக்கவில்லை.'